தோற்க வேண்டிய வாக்கியம்

போன வாரம் எதிர்வீட்டு லலிதா கதவைத் தட்டினாள். கையில் ஒரு பாட்டில். உள்ளே பச்சை நிறத்தில் எண்ணெய்.

"மூணு மாசம் தேய்ச்சேன் மேடம். பாருங்க..." என்று திரும்பி நின்று பின்னலைக் காட்டினாள். அது போதாதென்று செல்போனில் 'முன்', 'பின்' என்று இரண்டு போட்டோ. வீட்டிலேயே காய்ச்சி விற்கப் போகிறாளாம். முதல் பாட்டில் எனக்கு.

வாங்கிக்கொண்டு சும்மா இருந்திருக்கலாம். இந்தப் பக்கத்தை வாராவாரம் படிக்கிறவர்களுக்குத் தெரியும், சும்மா இருப்பது எனக்கு வராது.

"ஏன் லலிதா... மூணு மாசமா தினமும் பத்து நிமிஷம் தலையை நல்லா அழுத்தித் தேய்ச்சு விட்டிருக்கே. இதுக்குப் பதிலா வெறும் தேங்காய் எண்ணெயைத் தேய்ச்சிருந்தாலும் இவ்வளவு வளர்ந்திருக்குமோ?"

அவ்வளவுதான். முகம் சுருங்கிவிட்டது. அன்றிலிருந்து லிஃப்டில் என்னைப் பார்த்தால் செல்போனைப் பார்க்கிறாள்.

என் கணவர் பேப்பருக்குப் பின்னாலிருந்து தீர்ப்பு சொன்னார். "யார் எதைக் கொண்டுவந்தாலும் 'அதுல ஒண்ணுமில்லை'னே ஆரம்பிக்கிறியே... இது என்ன வியாதி?"

வியாதிதான். எங்கே ஒட்டியது என்றுகூட எனக்குத் தெரியும். எழுபதுகளின் கடைசியில், கோவில்பட்டியிலிருந்து எட்டயபுரம் வழியாகப் புதூர் பக்கம் போகும் ஒரு பஸ்ஸில்.

அப்போதுதான் நான் புள்ளியியலில் பட்டம் வாங்கியிருந்தேன். பள்ளிக்கூடக் கணக்கில் 'ABC ஒரு முக்கோணம் எனக் கொள்க' என்று வருமே, நினைவிருக்கிறதா? கொள்க என்றால் கொள்ள வேண்டியதுதான். ஏன் கொள்ள வேண்டும், அது நாற்கோணமாக இருந்தால் என்ன என்று கேட்டால் பெஞ்சு மேல் ஏற்றிவிடுவார்கள். கணிதத்தில் கருதுகோள் என்பது அப்படித்தான். அதை ஒப்புக்கொண்டுவிட்டு மேலே நடக்க வேண்டும், அது எங்கே கொண்டுபோய் விடுகிறது என்று பார்க்க வேண்டும். சில சமயம் முட்டுச்சந்தில் விடும். அப்போது, முதலில் ஒப்புக்கொண்டதே தப்பு என்று தெரியும். அதுவும் லாபம்தான்.

கல்லூரிக்குப் போனால் புள்ளியியல் வேறு மாதிரி பேசியது. இங்கே கருதுகோள் என்பது சந்தேகப்படுவதற்காகவே எழுதி வைக்கிற வாக்கியம். அதிலும் முதல் வாக்கியம் எப்போதும் அழுமூஞ்சி வாக்கியம். இந்த மருந்தால் பலன் இல்லை. இந்த உரத்தால் விளைச்சல் கூடவில்லை. இன்மைக் கருதுகோள் என்று அதற்குப் பெயர். ஆதாரம் வந்து அதைத் தூக்கி எறியும்வரை, அது சொல்வதைத்தான் நம்ப வேண்டும்.

எனக்கு அப்போது இது வெறும் பரீட்சை விடை. பத்து மார்க் கேள்வி.

வேலை ஒரு விதைத் திட்ட அலுவலகத்தில் கிடைத்தது. புள்ளிவிவர உதவியாளர். தற்காலிகம். புதிதாக வந்திருந்த ஒரு பருத்தி விதையை, அந்தக் கரிசல் பூமியில் காலம்காலமாக விதைக்கிற நாட்டுப் பருத்தியோடு போட்டியிட வைத்து, எது அதிகம் விளைகிறது என்று எடை போட்டுச் சொல்ல வேண்டும். புது விதை ஜெயித்தால் வேலை நிரந்தரம் ஆகலாம் என்று எங்கள் ஆபீசர் ஒருமுறை சொன்னார். அந்த 'லாம்' ஒன்றைப் பிடித்துக்கொண்டு ஒரு வருஷம் பஸ் ஏறினேன்.

நிலம் கொடுத்தவர் குருசாமி அண்ணாச்சி. புதூரைத் தாண்டி ஒரு சின்ன கிராமம். ஐம்பது வயது இருக்கும். மீசை பயமுறுத்தும், குரல் அதைவிட. ஆனால் நான் பஸ்ஸை விட்டு இறங்கும்போதெல்லாம் ஒரு சொம்பு மோர் தயாராக இருக்கும். நோட்டும் கையுமாகப் பஸ்ஸிலிருந்து இறங்குகிற பெண் என்றால் அந்த ஊருக்கு அது டீச்சர்தான். எவ்வளவோ சொல்லிப் பார்த்தேன். கடைசிவரை நான் டீச்சர்.

அவர் நிலத்தில் எட்டுப் பட்டைகள் அளந்து கல் நட்டேன். எந்த நான்கில் புது விதை, எந்த நான்கில் நாட்டு விதை என்று நானாக முடிவு செய்யக் கூடாது. சீட்டுக் குலுக்கிப் போட வேண்டும். பக்கத்து நிலத்து முத்தம்மா அக்காவைக் கூப்பிட்டேன். முப்பது வயது. புருஷன் குளத்தூர்ப் பக்கம் உப்பள வேலைக்குப் போய்விட்டு எப்போதாவது வருவார். மூன்று பிள்ளைகளையும் மூன்று ஏக்கர் மானாவாரி நிலத்தையும் ஒற்றை ஆளாக இழுத்துக்கொண்டிருந்தவள். சீட்டை எடுத்துக் கொடுத்துவிட்டு, "எனக்கு எதுவும் பரிசு விழுந்திருக்கா டீச்சர்?" என்று கேட்டுச் சிரித்தாள்.

புது விதைக்கு வந்த பட்டைகளில் சிவப்புத் துணி கட்டிய குச்சி. நாட்டு விதைக்கு வெள்ளைத் துணி. நட்டுவிட்டு, நோட்டின் முதல் பக்கத்தில் அந்த அழுமூஞ்சி வாக்கியத்தைக் கொட்டை எழுத்தில் எழுதினேன். 'இரண்டு விதைகளின் விளைச்சலுக்கும் வித்தியாசம் இல்லை.'

குருசாமி அண்ணாச்சி எட்டிப் பார்த்து எழுத்துக் கூட்டிப் படித்தார்.

"என்ன டீச்சர் இது? வித்தியாசம் இல்லைன்னு நீங்களே எழுதிட்டிய. பெறகு எதுக்கு இந்த வேகாத வெயில்ல வந்து கெடந்து சாவுதிய?"

"முடிவா எழுதலை அண்ணாச்சி. ஒரு பேச்சுக்கு எழுதியிருக்கேன்."

"பேச்சுக்குன்னா?"

"ரெண்டும் ஒண்ணுதான்னு மொதல்ல ஒத்துக்கிடணும். வெள்ளாமை வந்து, 'இல்ல, ஒண்ணு இல்ல'ன்னு அடிச்சுச் சொல்லணும். அதுவரைக்கும் இந்த வாக்கியம்தான் பேசும்."

அவர் மீசையைத் தடவினார். "அப்ப இந்த வாக்கியம் தோத்தாத்தான் உங்க விதைக்கு நல்லது?"

"ஆமா."

"உங்க வேலைக்கும்?"

நான் சிரித்துவிட்டேன். "ஆமா அண்ணாச்சி. இது தோத்தா என்னைய நிரந்தரம் ஆக்கினாலும் ஆக்குவாக."

"அப்ப தோத்துரும். கவலைப்படாம பஸ் ஏறுங்க" என்றார்.

ஆறுதலுக்குச் சொல்கிறார் என்று நினைத்தேன். எவ்வளவு பெரிய அசடு நான்!

மழை வந்தது. விதைத்தார்கள். மழைக்குப் பிறகு கரிசலில் நடந்திருக்கிறீர்களா? ஒவ்வொரு அடிக்கும் செருப்பு ஒரு கிலோ எடை ஏறும். செருப்பைக் கையில் தூக்கிக்கொண்டு, புடவையை முழங்கால்வரை ஏற்றிச் செருகி, செடியின் உயரத்தை அளப்பேன். சிவப்புத் துணிப் பட்டைகள் கருகருவென்று கிளம்பின. வெள்ளைத் துணிப் பட்டைகள் ஏதோ கடமைக்கு வளர்ந்தன. எனக்குப் பஸ்ஸில் திரும்பும்போது பாட்டே வந்துவிடும். பக்கத்து சீட்டுக்காரர்கள் ஒரு மாதிரிப் பார்ப்பார்கள். இருபத்திரண்டு வயதில் நம் கையால் நட்ட குச்சிக்குக் கீழே ஒரு விதை ஜெயிப்பதைப் பார்க்கிற சந்தோஷம் இருக்கிறதே... அதன் பிறகு வந்த எந்தப் பதவி உயர்விலும் அது எனக்குக் கிடைக்கவில்லை.

தை மாதம் பருத்தி வெடித்தது. இரண்டு எடுப்பு எடுத்து, பட்டை பட்டையாக எடை போட்டோம். அலுவலகத்தில் கைப்பிடியைச் சுற்றுகிற ஒரு கால்குலேட்டர் இருந்தது. ஒரு சுற்றுக்குக் கடகடவென்று அதிரும், ஓரத்துக்குப் போனால் 'டிங்' என்று மணி அடிக்கும். அரைநாள் சுற்றினேன். கணக்கு கேட்கிற கேள்வி ஒன்றே ஒன்றுதான். இரண்டு விதையும் ஒன்றுதான் என்றே வைத்துக்கொள்வோம். அப்படியானால், இவ்வளவு பெரிய எடை வித்தியாசம் சும்மா தற்செயலாக வருமா?

வராது. வரவே வராது. அட்டவணையை மூன்று முறை பார்த்தேன்.

'வித்தியாசம் இல்லை' என்ற வாக்கியத்தின் மேல் குறுக்கே கோடு போட்டு 'நிராகரிக்கப்பட்டது' என்று எழுதினேன். ஆபீசர் எழுந்து வந்து கை கொடுத்தார். செடி நிற்கும்போதே ஊரில் வயல் விழா வைத்துவிடலாம், சுற்றுப்பட்டி விவசாயிகளைக் கூப்பிட்டு விதை வேண்டும் என்கிறவர்களின் பெயரை அங்கேயே எழுதிக்கொள்ளலாம் என்றார்.

விழாவுக்கு இரண்டு நாள் முன்னால் நோட்டீஸ் கொடுக்கப் போனேன். முத்தம்மா அக்கா ஓடி வந்தாள்.

"டீச்சர், மொதப் பேரு எம்பேருதான். சொல்லிப்புட்டேன். மூணு ஏக்கருக்கும் ஒங்க விதைதான் போடுதேன்."

"மூணுக்குமா? கம்பு, உளுந்து?"

"எதுவும் இல்ல. முழுக்கப் பருத்தி. சும்மா கஞ்சிக்குக் கம்ப வெதைச்சு வெதைச்சு என்னத்தக் கண்டேன்?"

வழக்கமாக அவள் கம்பும் உளுந்தும் கலந்துதான் விதைப்பாள். பருத்தி காலை வாரினாலும் கம்பு இருக்கும். மூன்று பிள்ளைகளின் வருஷச் சாப்பாடு அது. கொஞ்சம் திக்கென்றது. ஆனாலும் கணக்கு நம் பக்கம் இருக்கிறதே என்று தலையாட்டினேன்.

அவள் விடவில்லை. "ஒரே ஒரு சந்தேகம் டீச்சர். அண்ணாச்சி சிவப்புத் துணி நட்ட எடத்துல மட்டும்தான கிடை போட்டாவ? எனக்கு அம்புட்டு ஆட்டுக்கு எங்க போக? கிடை போடாட்டாலும் இதே மாதிரி வருமில்லா?"

எனக்கு வெயில் சட்டென்று அணைந்தது போல இருந்தது.

கிடை என்றால் தெரியாதவர்களுக்கு: வெறும் நிலத்தில் படல் கட்டி, செம்மறி ஆட்டு மந்தையை இரவில் அடைத்து வைப்பார்கள். புழுக்கையும் மூத்திரமும் மண்ணில் இறங்கும். அந்தப் பக்கத்தில் அதைவிட ஒசந்த உரம் கிடையாது. நான் குச்சி நட்டுவிட்டுப் போனதற்கும் மழை வந்து விதைத்ததற்கும் நடுவே, மந்தைக்காரரைக் கூப்பிட்டு, சிவப்புத் துணி நான்கிலும் மாற்றி மாற்றிக் கிடை போட வைத்திருக்கிறார் மனிதர். வெள்ளைத் துணிப் பக்கம் ஒரு ஆட்டுக்குட்டிகூட எட்டிப் பார்க்கவில்லை. ஊருக்கே தெரியும். யாரும் மறைக்கவில்லை. நான் கேட்கவில்லை, அவர்கள் சொல்லவில்லை.

நேரே அண்ணாச்சி வீட்டுக்குப் போனேன்.

"ஏன் அண்ணாச்சி இப்படிச் செஞ்சிய?"

அவருக்கு என் கோபம் புரியவேயில்லை. "புது விதை, நம்ம ஊருக்கு விருந்தாளியா வந்திருக்கு. விருந்தாளிய ஓட்டைப் பாயிலயா உக்கார வைப்பாக?"

அவர் குரலைத் தாழ்த்தினார். அந்தக் குரலை எனக்கு அதுவரை தெரியாது.

"அந்த வாக்கியம் தோத்தாத்தான் ஒங்களுக்கு வேலை நெலைக்கும்னு நீங்கதான டீச்சர் சொன்னிய? ஒத்தப் பொம்பளப் புள்ள, செருப்பக் கையில தூக்கிக்கிட்டு இந்தச் சகதியில வந்து நிக்குதிய. எனக்கு மனசு கேக்கல."

இதற்கு எந்த அட்டவணையில் பதில் இருக்கிறது?

பஸ்ஸில் அழுதேன். வெட்கமில்லாமல் சொல்கிறேன், எட்டயபுரம் வரும்வரை அழுதேன். என் வாக்கியம் தோற்றது உண்மை. இரண்டு வகைப் பட்டைகளுக்கும் வித்தியாசம் இருந்தது உண்மை. ஆனால் அது விதையின் வித்தியாசமா, ஆட்டின் வித்தியாசமா? 'ஒன்றும் இல்லை' என்பதைக் கணக்கு தோற்கடிக்கும். யார் ஜெயித்தார்கள் என்பதை அது சொல்லாது. அதை நாம்தான் குனிந்து, மண்ணைக் கிளறிப் பார்க்க வேண்டும். நான் ஏன் பார்க்கவில்லை? ஏனென்றால் ஜெயிக்க வேண்டும் என்று எனக்கும் ஆசை. பக்கத்து நிலத்துக்காரியின் கண்ணுக்குத் தெரிந்தது, பட்டம் வாங்கிய என் கண்ணுக்குத் தெரியவில்லை.

ஆபீசரிடம் சொன்னேன். "பந்தலுக்குச் சொல்லியாச்சும்மா. அடுத்த வருஷம் வேணா திரும்பப் போட்டுப் பார்க்கலாம். இப்ப எடையை மட்டும் படி" என்றார்.

அடுத்த வருஷம் என்றால், முத்தம்மா விதைத்த பிறகு.

விழா அன்று பந்தல் நிறையக் கூட்டம். முன்வரிசையில் முத்தம்மா அக்கா, கல்யாணத்துக்குக் கட்டுகிற புடவையில். அண்ணாச்சி சலவை வேட்டியில் எல்லோருக்கும் சோடா உடைத்துக் கொடுத்துக்கொண்டிருந்தார். மைக்கில் எடைகளைப் படித்தேன். கைதட்டினார்கள். அங்கேயே நிறுத்தியிருக்கலாம். முத்தம்மா முகத்தைப் பார்த்தேன்... சொல்லிவிட்டேன்.

"சிவப்புத் துணி கட்டின நாலு பட்டையில மட்டும் கிடை போட்டிருந்துச்சு. அதனால இது விதை ஜெயிச்சதா, ஆடு ஜெயிச்சதான்னு எனக்குத் தெரியாது. தெரியாத விதைய நம்பி யாரும் மொத்த நிலத்தையும் குடுக்காதிய."

பின்னாலிருந்து ஒரு குரல்: "அட, அப்ப மாலையக் கொண்டுபோயி மந்தைக்காரனுக்குப் போடுங்கலே!"

பந்தலே சிரித்தது. அவர்களுக்கு விளக்கவே வேண்டியிருக்கவில்லை. கிடை என்ன செய்யும் என்று அங்கே யாருக்குத் தெரியாது? ஆபீசர் சிரிக்கவில்லை. அண்ணாச்சியும் சிரிக்கவில்லை. கையிலிருந்த சோடா பாட்டிலைப் பெட்டியில் வைத்துவிட்டு, தோளில் துண்டைப் போட்டுக்கொண்டு, பருத்திக்கு நடுவே நடந்து போய்விட்டார். எனக்காகச் செய்ததை ஊர் முன்னால் தப்பு என்று சொல்லிவிட்டேன். அந்த முதுகு இன்னும் என் கண்ணில் இருக்கிறது.

வேலை நிரந்தரம் ஆகவில்லை. நிறுத்தவும் இல்லை. அந்த வெயிலில் அலைய வேறு ஆள் கிடைக்கவில்லை, அவ்வளவுதான்.

ஆவணியில் மறுபடி பஸ் ஏறினேன். பையில் அதே குச்சிகள், அதே சிவப்பு வெள்ளைத் துணிகள். அவர் நிலம் கொடுப்பாரா? முகம் கொடுப்பாரா? ஆறு மாதமாக ஒரு வார்த்தை இல்லை.

பஸ் நின்றது. கீழே அண்ணாச்சி நின்றிருந்தார். கையில் மோர்ச் சொம்பு.

குடித்தேன். அவர் என் பையிலிருந்து எட்டிப் பார்த்த துணிகளைப் பார்த்தார்.

"டீச்சர், இந்த வருசம் எல்லாக் குச்சிக்கும் ஒரே துணியக் கட்டுங்க."

"ஏன் அண்ணாச்சி?"

"எது எந்த விதைன்னு எங்கிட்ட சொல்லாதிய. தெரிஞ்சா மறுபடியும் எனக்கு மனசு கேக்காது."

இதற்குப் புத்தகத்தில் பெரிய பெயர் உண்டு. மருந்துச் சோதனையில், எது மருந்து, எது வெறும் மாத்திரை என்று கொடுக்கிற டாக்டருக்கே தெரியாமல் வைப்பார்கள். பரீட்சைக்கு அதையும் படித்திருக்கிறேன். அதன் அர்த்தம் எனக்கு அந்தப் பஸ் ஸ்டாப்பில்தான் புரிந்தது. தன் மனசை நம்ப முடியாது என்று தெரிந்தவர், அதைத் தானே கட்டிப்போடச் சொன்னார். நான் பார்த்த பெரிய மனிதர்களில் அவர் ஒருவர்.

எட்டுக் குச்சிக்கும் வெள்ளைத் துணி கட்டினோம். விதையை எண் மட்டும் எழுதிய ஒரே மாதிரிப் பைகளில் போட்டேன். எது எது என்ற பட்டியல் என் மேஜை டிராயரில் பூட்டிக் கிடந்தது.

அந்த வருஷம் கார்த்திகையில் மழை ஏமாற்றிவிட்டது. எடை போட்டுப் பார்த்தால், இரண்டு விதையும் ஏறக்குறைய ஒரே அளவு. என் வாக்கியம் தோற்கவில்லை. இரண்டும் ஒன்று என்று நிரூபணம் ஆகிவிட்டதா என்றால், அதுவும் இல்லை. வேறு என்று சொல்ல ஆதாரம் போதவில்லை, அவ்வளவே. இந்தச் சின்ன வித்தியாசத்தை ஆபீசருக்குப் புரியவைக்க எனக்கு ஒரு மாதம் ஆனது. முத்தம்மா அக்காவுக்கு முதல் தடவையே புரிந்தது. பந்தலில் நான் சொன்னதைக் கேட்டு, அவள் அந்த வருஷம் நாலே நாலு உழவுச் சால்தான் புது விதை போட்டிருந்தாள். மிச்சமெல்லாம் வழக்கம்போல நாட்டுப் பருத்தி, உளுந்து, கம்பு.

மாசியில் ஒருநாள் நான் பஸ் ஏறும்போது கையில் ஒரு தூக்குச்சட்டியைத் திணித்தாள். இன்னும் சூடாக இருந்தது. கம்மஞ்சோறு.

"பருத்தி சுத்தமாப் படுத்துருச்சு டீச்சர். இதுதான் வந்துச்சு. அன்னைக்கு நீங்க வாயத் தொறக்கலேன்னா இந்தச் சட்டி காலியாத்தான் கெடக்கும்."

இப்போதும் எங்காவது கம்பு வேகிற வாசம் வந்தால், தூக்குச்சட்டியின் அந்தச் சூடு உள்ளங்கையில் வருகிறது. எத்தனை வருஷமாகிவிட்டது... அண்ணாச்சி இல்லை. அந்த டிங் மெஷினும் இல்லை. நோட்டு மட்டும் என் அலமாரியில் இருக்கிறது. முதல் பக்கத்தில் கோடு போட்டு அடித்த வாக்கியம், அதன் கீழே அதே வாக்கியம் மறுபடியும், அடிக்காமல்.

நேற்று நானே போய் லலிதா வீட்டுக் கதவைத் தட்டினேன். அவள் எண்ணெயில் ஒரு பாட்டில், தேங்காய் எண்ணெயில் ஒரு பாட்டில் வேண்டும் என்று கேட்டிருக்கிறேன். இரண்டும் ஒரே நிறத்தில் இருக்கட்டும், எது எது என்று என்னிடம் சொல்ல வேண்டாம். அவள் என் சிநேகிதி, தெரிந்தால் எனக்கு மனசு கேட்காது.